எழுநூறு எம்.பி.க்குள் கடல்

14 மார்ச் 2007, புதன்கிழமை

இன்றைய பிழை: ‘கழிமுகத்து வீடு’ படத்தோடு நான் இணைத்திருந்த விவரக் குறிப்பில் நீளம் இரண்டு மணி ஐந்து நிமிடம் பன்னிரண்டு விநாடி என்று இருக்கிறது. நான் இணையத்தில் வெளியிட்ட கோப்பின் நீளம் இரண்டு மணி நான்கு நிமிடம் முப்பத்தொரு விநாடி. முதலில் சொன்னது டேப்பில் இருந்த படத்தின் நீளம். கோப்பைத் திறந்து பார்த்து எழுதாமல், ஜனவரியில் எழுதி வைத்திருந்த தாளைப் பார்த்து எழுதிவிட்டேன். கோலாலம்பூரிலிருந்து ஒருவர் மீதி நாற்பத்தொரு விநாடி எங்கே என்று மரியாதையாகத்தான் கேட்டிருக்கிறார்.

மேடம், பக்கத்தின் தலையில் அன்றைய பிழை, அடியில் மறுநாள் வேலை என்று இந்த வீடியோ எடிட்டிங் மாலை வகுப்பின் முதல் நாளே நீங்கள் விதித்தீர்கள். எட்டு மாதமாக ஒரு பக்கமும் நான் விட்டதில்லை. மற்றவர்கள் வெள்ளிக்கிழமை மதியம் உட்கார்ந்து ஐந்து நாள் பிழைகளையும் ஒரே பேனாவில் எழுதுவது உங்களுக்கும் தெரியும். நேற்று வகுப்பில் பொன்னி என்ற அந்தப் பெண் வந்துவிட்டுப் போன பிறகு, “நடந்தத நடந்த மாதிரியே நோட்ல எழுதிடு பரணி, நான் வெள்ளிக்கிழமை படிக்கிறேன்” என்றீர்கள். நடந்த மாதிரியே எழுதுகிறேன்.

என்னைப் பற்றி உங்களுக்குத் தெரியாதது அதிகமில்லை. பகலில் கூடுவாஞ்சேரியில் ஒரு கம்பெனியில் டேட்டா என்ட்ரி. அப்பா கல்பாக்கத்தில் டெக்னீஷியன். நான் இன்ஜினீயர் ஆவேன் என்று இருந்தார். பி.எஸ்சி.யிலேயே மூன்று பேப்பர் இன்னும் நிற்கிறது. பூட்டிய கதவை இழுத்துப் பார்த்துவிட்டுத் தெருமுனை வரை போய், திரும்பி வந்து மறுபடியும் இழுத்துப் பார்ப்பவன் நான். இருபத்து நான்கு வயதுவரை நான் முழுதாக முடித்த காரியம் என்று ஒன்றும் இருந்ததில்லை. இந்தப் படம்தான் முதல்.

டேப் செங்கல்பட்டு பஜாரில் நூர்முகமது பாயின் கடையில் கிடைத்தது. ஒரு காலத்தில் அது ‘நூர் வீடியோ’. இப்போது ரீசார்ஜ் கார்டும் செல்போன் உறையும் விற்கிறார். பின்னறையில் நான்கு சாக்குகளில் பழைய கேசட்டுகள் கிடந்தன. அவர் மனைவி சம்சாத் பேகம், பொங்கலுக்குள் அந்த அறை காலியாக வேண்டும் என்று சொல்லிவிட்டாராம். வேண்டியதை எடுத்துக்கொள்ளச் சொன்னார். கழிமுகத்து வீட்டை நான் எடுத்ததும் சிரித்தார்.

“இன்னா தம்பி, இத்தப் போய் எடுக்கிற. எம்பத்தஞ்சுல என் மச்சான் துபாய்ல இருந்து கொண்ணாந்தான். வாடகைக்கு எடுத்தவன் அத்தினி பேரும் பாதியில திருப்பிக் குடுத்துட்டான். கடல்ல போட்டு கவுற சீன் ஒண்ணு நல்லா இருக்கும். மத்தபடி பேஜாரு.”

படம் எழுபத்தைந்தில் வந்தது. கறுப்பு வெள்ளை. ஒரே தியேட்டரில் ஆறு நாள் ஓடியது. இயக்குநர் அதற்குப் பிறகு வேறு படம் எடுக்கவில்லை, எண்பத்தொன்றில் இறந்துபோனார். நெகட்டிவ் லேபிலேயே கெட்டுப்போனது. பிரின்ட் எவரிடமும் இல்லை. வளைகுடாவில் இருந்தவர்களுக்காகப் போட்ட கேசட்டுகளில் மிஞ்சியது, நான் தேடிய வரையில், இது ஒன்றுதான். ஒரு தாலுகா ஆபீஸ் குமாஸ்தாவின் மனைவி வீட்டை விட்டு வந்து, மாமல்லபுரத்துக்குத் தெற்கே ஒரு கழிமுகத்தில் ஓட்டு வீட்டில் தனியாக இருக்கிறாள். அவளை யாரும் திருத்துவதில்லை. அவள் சாவதும் இல்லை. அந்தக் காலத்தில் அப்படி ஒரு பெண்ணைப் படம் முடியும்வரை உயிரோடு விட்டு வைத்திருக்கிறார்கள். நான் பார்த்து முடித்தபோது ஆபீஸுக்கு இரண்டு ரயில் தவறிப்போயிருந்தது.

பொங்கல் விடுமுறை மூன்று நாளும் வாடகை டெக்கை வைத்து டேப்பைக் கம்ப்யூட்டரில் பதிவு செய்தேன். மூன்றாம் நாள் ரீவைண்டு செய்யும்போது டேப் அறுந்து டெக்குக்குள் சிக்கிக்கொண்டது. பூஞ்சை பிடித்த டேப். எடுத்துப் பார்த்தால் சேமியா மாதிரி வந்தது. அது என் பிழைதான், ஜனவரி பதினேழாம் தேதிப் பக்கத்தில் இருக்கிறது, நீங்கள் கையெழுத்துப் போட்டிருக்கிறீர்கள். நூர் பாயிடம் சொன்னபோது, அது எப்போதோ செத்த டேப்பு, விடு தம்பி என்றார். ஆக, என் இ டிரைவில் இருந்த முப்பத்தொரு ஜிபி மூலப் பதிவுதான் படம் என்று ஆனது.

அதை எழுநூறு எம்.பி.க்குள் கொண்டுவர வேண்டும். ஒரு சி.டி.யில் அடங்கினால்தான் ஜனங்கள் இறக்குவார்கள், எழுதிக்கொள்வார்கள், கை மாற்றுவார்கள். இதை நீங்கள் போர்டில் படம் போட்டு விளக்கினீர்கள். மென்பொருள் முதல் சுற்றில் படம் முழுவதையும் பார்த்து எந்தக் காட்சிக்கு எவ்வளவு வேண்டும் என்று குறித்துக்கொள்ளும். இரண்டாவது சுற்றில் பங்கு போடும். அசையாத சுவருக்குக் கொஞ்சம் போதும். உட்கார்ந்திருக்கும் மனிதனுக்கு அதைவிடச் சற்று அதிகம். கடலுக்கு எவ்வளவு கொடுத்தாலும் போதாது, ஏனென்றால் அதில் ஒரு புள்ளிகூட அடுத்த நொடியில் இருந்த இடத்தில் இருப்பதில்லை. கடல் கேட்டதைக் கொடுத்தால், கடைசிக் காட்சியில் கதாநாயகியின் முகத்துக்குப் பங்கு குறைந்தது. அவள் கன்னம் கட்டம் கட்டமாக உடைந்தது. அதனால் கடல் அதிகமாக வரும் ஓர் இடத்தில் நாற்பத்தொரு விநாடியை எடுத்தேன்.

நேற்று உங்களிடம் நான் சொன்ன காரணம் இது. ஏற்கக்கூடிய காரணம். அதில் ஒரே ஒரு கோளாறு இருக்கிறது. அதற்கு வருகிறேன்.

பிப்ரவரி பதினொன்று, ஞாயிறு. படம் எடுத்த இடங்களை அடையாளம் கண்டு குறிப்பில் சேர்க்க வேண்டும் என்று, பன்னிரண்டு காட்சிகளைத் தாளில் அச்சடித்துக்கொண்டு மாமல்லபுரம் போனேன். அங்கிருந்து ஷேர் ஆட்டோ. ஒரு குப்பத்தில் பெண்கள் நெத்திலி காயவைத்துக்கொண்டிருந்தார்கள். நான் தாள்களோடு நின்றதைப் பார்த்து ஒருத்தி, “போட்டோ எடுத்துகினு பொண்ணு பார்க்க வந்துகீறான் பாரு, இங்க இருக்கிறது எல்லாம் பாட்டிங்கப்பா” என்றாள். எல்லோரும் சிரித்தார்கள். ஒருவர் மட்டும் சிரிக்காமல் எழுந்து வந்து என் கையிலிருந்து தாளை வாங்கினார். ஐம்பத்தைந்து வயது இருக்கும். பெரிய குங்குமப் பொட்டு. வெயிலுக்குத் தாளைச் சாய்த்துப் பார்த்தார்.

“இது சூட்டிங் வூடு. சுனாமிக்கு முன்னாடியே இடிஞ்சி பூட்சி.”

அவர் பெயர் அமிர்தவல்லி. அவர் சொன்னதைச் சுருக்கமாக எழுதுகிறேன். எழுபத்து நான்கில் மாசி மகத்தன்று குப்பம் முழுக்க மாமல்லபுரம் கரைக்குச் சாமி தீர்த்தவாரிக்குப் போய்விட்டது. அன்று யாரும் படகு தள்ளக்கூடாது, அது கட்டுப்பாடு. அவர் கணவர் அருணகிரி மட்டும் போகவில்லை. கழிமுகத்தில் படம் எடுப்பவர்கள் துடுப்புப் போட ஓர் ஆள் குறைகிறது என்று கூப்பிட்டிருந்தார்கள். மற்ற நான்கு பேர் மெட்ராஸிலிருந்து வேனில் வந்தவர்கள். மனைவியிடம் மட்டும் சொல்லிவிட்டுப் போனார், திரும்பவில்லை. மகத்தன்று கடலில் இறங்கினான் என்று தெரிந்தால் ஊர்க்கட்டு விழும், ஒதுக்கி வைத்துவிடுவார்கள் என்று பயந்து அமிர்தவல்லி மூன்று நாள் வாய் திறக்கவில்லை. நான்காம் நாள் திறந்தபோது யாரும் நம்பவில்லை. பஞ்சாயத்து ஆள் அனுப்பிக் கேட்டதற்கு, அவன் கூலி வாங்கிக்கொண்டு பஸ் ஏறிவிட்டான் என்று படக் கம்பெனி மேனேஜர் சொன்னார்.

“ஓடிட்டாருன்னு எழுதிட்டாங்க. அப்போ வவுத்துல இது” என்று, அப்போதுதான் வந்து நின்ற மகளைக் காட்டினார்.

மகள் பொன்னி. ஈ.சி.ஆரில் ஒரு ஹோட்டலில் துணி வெளுக்கும் பகுதியில் வேலை. சீருடைப் புடவையில் இருந்தாள். கடலில் ஓர் ஆள் போனால் காரியம் முடியும்வரை அந்தக் குப்பத்தில் ஒருவரும் தொழிலுக்குப் போகமாட்டார்கள் என்று அவள்தான் எனக்கு விளக்கினாள். அவள் அப்பாவுக்கு மட்டும் மறுநாளே எல்லாப் படகும் போயின. ஓடிப்போனவன் மகள் என்றும், அவனுக்கே பிறந்தவளா என்றும் கேட்டுக்கொண்டே அவள் வளர்ந்திருக்கிறாள்.

“தம்பி, படத்துல எங்கப்பா இருந்தா போதும்” என்றாள். “ஒரு நாள் இந்தக் கரையில எந்தப் படகும் எறங்கக் கூடாது. அவ்ளோதான் எங்கம்மாவுக்கு வேணும். வேற ஒண்ணும் கேக்கல.”

அமிர்தவல்லி அடையாளம் சொன்னார். “சிரிச்சா முன்பல்லு ஒண்ணு பாதிதான் இருக்கும். பாறையில வழுக்கினது. எங்க இருந்தாலும் சிரிப்பாரு, அத்த வெச்சிக் கண்டுபுடிச்சிடு.”

பஞ்சாயத்துத் தலைவர் திருநாவுக்கரசையும் அன்றே பார்த்தோம். வலை பின்னும் ஊசியைக் காதில் செருகியபடி கேட்டுக்கொண்டார். படத்தில் ஆள் இருந்தால் ஒரு நாள் இல்லை, மூன்று நாள் நிறுத்துகிறேன் என்றார். இரண்டு பெண்களும் என்னைப் பார்த்தார்கள். கண்டிப்பாகப் பார்த்துச் சொல்கிறேன் என்றேன். சொன்னபோது அதில் பொய் இல்லை.

அன்று மாலையே மூலப் பதிவைத் திறந்தேன்.

படகு கவிழும் அந்தக் காட்சியை அதற்கு முன் எத்தனையோ முறை பார்த்திருக்கிறேன். படத்தைப் பற்றி எழுதிக்கொண்டிருந்த கட்டுரையின் முதல் வரைவில், ‘இந்த ஒரு ஷாட்டில் நடிப்பு என்பதே இல்லை, தமிழில் இப்படி ஒரு கடலை யாரும் காட்டியதில்லை’ என்று எழுதியிருந்தேன். வெட்டே இல்லாத ஒரே ஷாட். ஐந்து பேர் படகை அலைக்குள் தள்ளுகிறார்கள். மூன்றாவது ஆள் திரும்பிக் கேமராவைப் பார்த்துச் சிரிக்கிறான். தொழில்முறைத் துணைநடிகன் கேமராவைப் பார்க்கமாட்டான். இவன் பார்க்கிறான். இருபத்திரண்டு ஃபிரேம், ஒரு விநாடிக்கும் குறைவு. ஒவ்வொன்றாக நகர்த்தினேன். ஒன்பதாவது ஃபிரேமில் பல் தெரிகிறது. பாதிப் பல்.

ஐந்து பேரும் ஏறுகிறார்கள். முதல் அலை, இரண்டாவது அலை. மூன்றாவதில் படகு கவிழ்கிறது. தலைகள் வெளியே வருகின்றன. நான் எண்ணினேன். நான்கு. மறுபடி எண்ணினேன். கேமரா நகராமல் இன்னும் பதினொரு விநாடி ஓடுகிறது. வலது ஓரத்தில், கரையில் நிற்கும் யாரோ ஒருவர் இரண்டடி தண்ணீருக்குள் இறங்கி, நின்று, திரும்பி வருகிறார். பிறகு காட்சி கரையில் நிற்கும் கதாநாயகிக்குப் போகிறது. மொத்தம் நாற்பத்தொரு விநாடி. அதற்கு முந்தைய ஷாட்டிலும் அவள் அதே இடத்தில், அதே உடையில்தான் நிற்கிறாள். நடுவில் இருப்பதை எடுத்துவிட்டால் அவள் வெறுமனே கடலைப் பார்த்துக்கொண்டு நிற்கிறாள். ஒட்டுத் தெரியவே தெரியாது.

இப்போது அந்தக் கோளாறு. முழுப் படத்தையும் நான் முதன்முதலில் சுருக்கி முடித்தது ஜனவரி இருபத்தெட்டு. நாற்பத்தொரு விநாடியும் உள்ளே இருந்தது. கோப்பு அறுநூற்றுத் தொண்ணூற்றொன்பது எம்.பி. அடங்கியது. முகம் கொஞ்சம் உடைந்தது உண்மை. ஒலியின் தரத்தை நூற்றிருபத்தெட்டிலிருந்து நூற்றுப்பன்னிரண்டாகக் குறைத்திருந்தால் பதினைந்து எம்.பி. மிச்சமாகியிருக்கும். நாற்பத்தொரு விநாடியை எடுத்ததால் மிச்சமானது ஒன்பது. இந்தக் கணக்கு எனக்கு ஜனவரியிலேயே தெரியும், நோட்டில் இருக்கிறது. நான் எடுத்தது பிப்ரவரி பதினெட்டு. அமிர்தவல்லியைப் பார்த்த பிறகு ஒரு வாரம் கழித்து. ஜனவரிக் கோப்பை அன்றே அழித்தேன்.

ஆகவே இடம் காரணமில்லை. காரணம் என்ன என்று அந்த ஒரு வாரமும் தினமும் ரயிலில் யோசித்தேன், அவசரத்தில் செய்ததல்ல.

அந்த ஷாட்டோடு வெளியே விட்டால் கழிமுகத்து வீடு என்ற படம் இருக்காது. ஒரு மனிதன் செத்துப்போன படம் என்றுதான் இருக்கும். அந்த நாற்பத்தொரு விநாடியைத் தனியாக வெட்டி எடுத்து ஊரெல்லாம் பார்ப்பார்கள். மீதி இரண்டு மணி நேரத்தை யாரும் பார்க்கமாட்டார்கள். அந்தப் பெண்ணை, அந்த வீட்டை, அவள் சாகாமல் இருப்பதை ஒருவரும் பார்க்கமாட்டார்கள். இயக்குநர் அது என்னவென்று தெரிந்துதான் படத்தில் வைத்தார், தெரிந்துதான் மேனேஜரை அப்படிப் பேச விட்டார் என்று எழுதுவார்கள். அவருக்குத் தெரிந்திருக்கும் என்றுதான் நானும் நினைக்கிறேன். அவர் அதை வைத்துக்கொண்டார், நான் எடுத்துவிட்டேன். வைத்ததும் குற்றம், எடுத்ததும் குற்றம் என்றால் அந்த இடத்தில் ஒருவன் என்னதான் செய்திருக்க முடியும் என்று நீங்கள் சொல்லுங்கள்.

பிப்ரவரி பதினெட்டு மாலை வெளியிட்டேன். மூன்று வாரத்தில் ஆயிரத்துத் தொள்ளாயிரம் பேர் இறக்கியிருக்கிறார்கள். பழைய படங்களுக்கான இணைய மன்றத்தில் இப்போது அதற்கு ‘பரணி பிரின்ட்’ என்று பெயர். புனேயிலிருந்து ஒரு பேராசிரியர் எழுதினார். சென்னையில் ஒரு திரைப்படச் சங்கம் ஏப்ரலில் திரையிடுகிறது, என்னை முன்னுரை பேசக் கேட்டிருக்கிறார்கள். முப்பத்திரண்டு வருடமாக யாரும் சீந்தாத படம். அதைச் சாக்கிலிருந்து எடுத்தது நான்.

மார்ச் நான்கு, ஞாயிறு. மாசி மகத்துக்கு மறுநாள். குப்பத்தில் சுனாமிக்குப் பிறகு கட்டிய சமுதாயக் கூடத்தில் டிவி வைத்து, காலை பத்து மணிக்குப் படம் போட்டேன். நான் போகாமல் இருந்திருக்கலாம். அப்படிச் செய்தால் பயந்ததாக ஆகும். ஐம்பது அறுபது பேர் வந்திருந்தார்கள். கதாநாயகி வீட்டை விட்டு வரும் இடத்தில் ஒரு கிழவர், “இவளும் ஓடி வந்தவதானா, நம்ம ஊருக்குன்னே வராங்கப்பா” என்றார். கூட்டம் சிரித்தது. பொன்னி திரும்பி அவரைப் பார்த்தாள், அவர் அடங்கினார். அமிர்தவல்லி டிவிக்கு மூன்றடி தூரத்தில் தரையில் உட்கார்ந்து, ஒவ்வொரு ஆண் வரும்போதும் முன்னால் சாய்ந்து வாயைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

அந்த இடம் வந்தது. கதாநாயகி கடலைப் பார்த்துக்கொண்டு நின்றாள். வெயில் சற்று மாறியது, இன்னும் நின்றாள். கூடத்தில் யாருக்கும் எதுவும் தெரியவில்லை. வேலையாகப் பார்த்தால் நன்றாகச் செய்த வெட்டு.

படம் முடிந்ததும் திருநாவுக்கரசு தொண்டையைச் செருமிக்கொண்டு, “படத்துல ஆள் இல்லியேம்மா” என்றார். அவர் குரலில் வருத்தம் இருந்தது. பின்னாலிருந்து ஒரு பெண், “பஸ்ஸு சீன் எடுத்திருந்தா இருந்திருப்பாரு” என்றாள்.

அமிர்தவல்லி என்னிடம் வந்தார். “நீ நல்லா பார்த்தியாப்பா?”

“நூறு தடவ பார்த்திருக்கேம்மா” என்றேன். அது உண்மை. அந்தப் பதிலில் ஒரு சொல்கூடப் பொய் இல்லை.

அவர் கொஞ்ச நேரம் டிவியின் கறுப்புத் திரையைப் பார்த்தார். பிறகு, “அப்போ எங்கியோ உசுரோட கீறாரு” என்றார். நான் படத்தின் சி.டி. ஒன்றை அவருக்குக் கொடுத்தேன். அட்டை நானே வடிவமைத்தது. பின்பக்கம் ‘நன்றி: நூர் வீடியோ, செங்கல்பட்டு’ என்று போட்டிருக்கிறேன். யார் யாரிடம் என்ன வாங்கினோம் என்பதைக் குறிப்பிட வேண்டும் என்று நீங்கள்தான் சொல்லிக்கொடுத்தீர்கள்.

திரும்பும் பஸ்ஸில் அவர் சொன்னதையே நினைத்துக்கொண்டு வந்தேன். உயிரோடு இருக்கிறார். ஒரு சாவுக்குப் பதிலாக ஒரு உயிரைக் கொடுத்திருக்கிறேன் என்று தோன்றியது. அன்று நன்றாகத் தூங்கினேன்.

நேற்று நடந்ததை நீங்களே பார்த்தீர்கள். ஆனால் நீங்கள் பக்கத்து அறையிலிருந்து வருவதற்குள் பாதி முடிந்துவிட்டது, அதனால் எழுதுகிறேன். ஆறரை மணி, சிஸ்டம் எல்லாம் ஆன் ஆகிக்கொண்டிருந்தது. பொன்னி அந்தச் சீருடைப் புடவையிலேயே வாசலில் செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே வந்தாள். எந்த சிஸ்டத்தில் நான் என்று கேட்டு வந்து நின்றாள். அட்டையில் இருந்த பெயரைப் பார்த்துத் திங்கட்கிழமை நூர் பாய் கடைக்குப் போயிருக்கிறாள். அவர்தான் இந்த வகுப்பைச் சொல்லியிருக்கிறார். வேறு ஒன்றும் சொல்லியிருக்கிறார்.

“போட்டு கவுற சீன் ஒண்ணு கீதாமே. பாய் சொல்றாரு, அத்தான் படத்துலயே நல்லா இருக்குமாம். எங்களுக்குக் காட்டலியே தம்பி, எங்க வெச்சிகீற?”

டேப் அந்த இடத்தில் கெட்டுப்போயிருந்தது அக்கா, வரவில்லை என்றேன்.

“அன்னிக்கு அத்த சொல்லலியே நீ. நூறு தடவ பார்த்தேன்னு சொன்ன.”

அவள் கத்தவில்லை. கத்தியிருந்தால் எனக்கு எளிதாக இருந்திருக்கும்.

“எங்கம்மா தாலியக் கழட்டிட்ச்சி. முப்பத்து மூணு வருசம் ஊரே ஓடிட்டான் ஓடிட்டான்னு சொல்லும்போது ஒத்தையா நின்னு இல்லன்னு சொல்லிகினு இருந்த பொம்பள. செத்துட்டாருன்னு கழட்டினா நான் அழுதுட்டுப் போவேன். ஓடிட்டாருன்னு கழட்டிட்ச்சி. நீ காட்டின படத்தப் பார்த்து.”

அப்போதுதான் நீங்கள் வந்தீர்கள். அவள் உங்களிடம் எதுவும் சொல்லாமல் செருப்பை மாட்டிக்கொண்டு போனாள். நீங்கள் என்னிடம் கேட்டீர்கள், இடம் போதவில்லை என்றேன். “டேப்பு போனா போவட்டும், கேப்சர் எங்க?” என்றீர்கள். பார்க்கிறேன் மேடம் என்றேன்.

கேப்சர், அந்த மூலப் பதிவு, இருக்கிறது. இ டிரைவில், முழுதாக, முப்பத்தொரு ஜிபி. நான் ஜனவரிக் கோப்பைத்தான் அழித்தேன், மூலத்தை அழிக்கவில்லை. ஒன்பதாவது ஃபிரேமும் இருக்கிறது. அமிர்தவல்லி தாலியைக் கழற்றச் சொல்லி நான் கேட்கவில்லை. உயிரோடு இருக்கிறார் என்று அவர் வாயால்தான் சொன்னார், ஒரு வாரத்தில் அதை வேறு விதமாக எடுத்துக்கொண்டது அவர். ஒரு ஊர் ஒரு நாள் கடலுக்குப் போகாமல் இருப்பதற்காக, முப்பத்திரண்டு வருடம் கழித்து எழுந்து வந்த ஒரு படத்தை மறுபடியும் படுக்க வைக்க முடியாது. ஆயிரத்துத் தொள்ளாயிரம் பேர் ஒரு பக்கம், இரண்டு பேர் ஒரு பக்கம். பங்கு போடுவது என்றால் இதுதான், எல்லாக் காட்சிக்கும் கேட்டதைக் கொடுத்தால் எதுவும் அடங்காது.

என் மேல் எனக்கு எப்போதும் சந்தேகம் உண்டு. இந்தப் பக்கத்தை இரண்டு முறை படித்துப் பார்த்தேன். கணக்குகள் சரியாக இருக்கின்றன, தேதிகள் சரியாக இருக்கின்றன. இதைக் கிழிக்கமாட்டேன். வெள்ளிக்கிழமை மற்ற நோட்டுகளோடு உங்கள் மேசையில் வைப்பேன். நீங்கள் இதைக் குப்பத்துக்கு எடுத்துக்கொண்டு போகலாம், பொன்னிக்குப் படித்துக் காட்டலாம், நான் தடுக்கமாட்டேன். ஆனால் திருநாவுக்கரசு நோட்டைப் பார்த்துப் படகை நிறுத்தமாட்டார். அவர் படத்தில் ஆள் வேண்டும் என்று சொன்னவர்.

நாளைய வேலை: காலை ஐந்தரைக்கு எழுந்து இ டிரைவை ஃபார்மட் போட வேண்டும். விரைவு ஃபார்மட் அல்ல, முழு ஃபார்மட். இரண்டு மணி நேரம் ஆகும், ஏழு ஐம்பது ரயிலுக்குள் முடிந்துவிடும். அடுத்த படத்துக்கு இடம் போதவில்லை.